ஒரே கையெழுத்தில் எல்லாம் போச்சு... சிரிக்காமலே சிரிக்கவைத்த பஸ்டர் கீட்டனின் கதை!

இந்த வீடியோவை எங்கேயாவது நீங்க பார்த்திருக்க வாய்ப்பு அதிகம். பலத்த சூறாவளி. ஒல்லியான ஒரு மனிதர், என்ன நடக்கிறது என்றே தெரியாமல் ஒரு வீட்டின் முன்னால் நிற்கிறார். அவருக்குப் பின்னால் இருக்கும் வீட்டின் முன்சுவர், அப்படியே பெயர்ந்து அவர் மேல் சாய்கிறது. அவ்வளவுதான், ஆள் காலி என்று நாம் நினைக்கும்போது, மேல்மாடி ஜன்னல் இருந்த இடைவெளி சரியாக அவர் நின்ற இடத்தில் வந்து இறங்குகிறது. புழுதி அடங்குகிறது. மனிதர் ஒரு கீறல்கூட இல்லாமல் நிற்கிறார்!

1928-ல் வெளியான 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தின் காட்சி அது. கிராஃபிக்ஸ் கிடையாது. டூப் கிடையாது. சுவர் நிஜம். அதன் எடை இரண்டு டன் என்று சொல்வார்கள். ஜன்னல் சட்டத்துக்கும் அவர் உடம்புக்கும் நடுவே இருந்தது சில அங்குல இடைவெளிதான். யூனிட்டிலேயே சிலர் பார்க்கப் பயந்து முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

அந்த மனிதர் பஸ்டர் கீட்டன். சார்லி சாப்ளின், ஹரால்டு லாயிட் என்ற இரண்டு பெயர்களோடு சேர்த்துச் சொல்லப்படும் மூன்றாவது பெயர். மௌனப் பட காலத்து ஹாலிவுட் காமெடி என்றாலே இந்த மூன்று பேர்தான். சாய்ந்த சுவரிடமிருந்து தப்பித்த கீட்டனால், அந்தப் படம் வெளியான அதே ஆண்டில் போட்ட ஒரு கையெழுத்திடமிருந்து தப்பிக்க முடியவில்லை.

அவருடைய 70 வருட வாழ்க்கையைப் பார்த்தாலே போதும். அமெரிக்க காமெடி மேடையிலிருந்து கேமராவுக்கு வந்தது, வாய் திறந்து பேச ஆரம்பித்தது, பிறகு டிவி பெட்டிக்குள் புகுந்தது என எல்லாமே அதற்குள் இருக்கிறது.

முதுகில் தைத்த சூட்கேஸ் கைப்பிடி!

1895, அக்டோபர் 4. அமெரிக்காவின் கான்சாஸ் மாநிலத்தில் பிக்வா என்ற குட்டி ஊர். ஊர் ஊராகப் போய் பாட்டு, ஆட்டம், வித்தை எல்லாம் காட்டி, கூடவே மருந்தும் விற்கும் குழு ஒன்று அங்கே வந்திருந்தது. அதில் இருந்த ஜோ கீட்டன் - மைரா தம்பதிக்குப் பிறந்தவர்தான் ஜோசப் ஃப்ராங்க் கீட்டன்.

'பஸ்டர்' என்ற பெயர் எப்படி வந்தது? தவழும் வயதில் மாடிப்படியிலிருந்து உருண்டு விழுந்தும் அடிபடாமல் எழுந்து உட்கார்ந்தாராம் குழந்தை. அதைப் பார்த்த மேஜிக் நிபுணர் ஹாரி ஹூடினி வைத்த பெயர் அது என்பது கீட்டன் குடும்பம் காலமெல்லாம் சொல்லிவந்த கதை. ஹூடினி உண்மையிலேயே பெற்றோரோடு வேலை பார்த்தவர்தான். ஆனால், பெயர் வைத்த கதையை ஆய்வாளர்கள் அப்படியே நம்புவதில்லை. அந்தக் கால நாடகக்காரர்களின் பேச்சில், பலமாகக் கீழே விழுவதற்குப் பெயர்தான் 'பஸ்டர்' என்பது மட்டும் நிஜம்.

அப்போது அமெரிக்காவில் டிவியும் இல்லை, ரேடியோவும் இல்லை. மக்களின் பெரிய பொழுதுபோக்கு 'வாடவில்'. ஒரே டிக்கெட்டில் பாட்டு, நடனம், மேஜிக், நாய் வித்தை, காமெடி என்று பத்து நிமிடத்துக்கு ஒன்றாக மாறிக்கொண்டே இருக்கும் மேடை நிகழ்ச்சி. அதில் 'தி த்ரீ கீட்டன்ஸ்' என்ற பெயரில் அப்பா, அம்மா, பையன் மூன்று பேரும் இறங்கினார்கள். ஐந்து வயதிலேயே பஸ்டர்தான் அந்தக் குழுவின் ஸ்டார்.

என்ன காமெடி தெரியுமா? சொல்பேச்சு கேட்காத பையனை அப்பா தூக்கி வீசுவார். மேடையின் ஒரு மூலையிலிருந்து இன்னொரு மூலைக்கு, திரைச்சீலை மேல், சில நேரம் கீழே இருக்கும் இசைக்குழுவின் பக்கம். வீச வசதியாக, பையனின் சட்டையில் முதுகுப் பக்கம் சூட்கேஸ் கைப்பிடி ஒன்றைத் தைத்து வைத்திருந்தார்கள்!

இன்றைக்கு இதைப் படிக்கும்போது நமக்குப் பகீரென்கிறது. அன்றைக்கும் பலருக்கு அப்படித்தான் இருந்தது. நியூயார்க்கில் குழந்தைகள் பாதுகாப்பு அமைப்பு பலமுறை புகார் கிளப்பியது. பையனின் சட்டையைக் கழற்றிக் காயம் இருக்கிறதா என்று அதிகாரிகள் பரிசோதித்த கதைகள் உண்டு. தனக்கு அடிபட்டதே இல்லை, எப்படி விழ வேண்டும் என்று தெரிந்ததால் தப்பித்தேன் என்பதுதான் கீட்டன் கடைசிவரை சொன்ன பதில். பள்ளிக்கூடம் என்ற ஒன்று அவர் வாழ்க்கையில் கிட்டத்தட்ட இல்லவே இல்லை என்பதையும் இதோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

மேடையில் அவர் கண்டுபிடித்த ஒரு விஷயம், பிற்பாடு அவர் அடையாளமாகவே ஆகிப்போனது. விழுந்து எழுந்து அவர் சிரித்தால், கூட்டம் சிரிக்கவில்லை. எதுவுமே நடக்காததுபோல முகத்தை வைத்துக்கொண்டால், தியேட்டர் அதிர்ந்தது. உலகம் பிறகு 'கல் முகம்' என்று கொண்டாடிய அந்த முகம், இப்படிச் சின்ன வயதில் கூட்டத்தைப் பார்த்துப் பார்த்துக் கற்றுக்கொண்டது.

கேமராவைப் பிரித்துப் போட்ட இளைஞன்!

வருடங்கள் ஓடின. பையன் வளர்ந்துவிட்டான்; தூக்கி வீச முடியாது. அப்பாவின் குடியும் வளர்ந்தது. போதையில் இருப்பவர் கையில் உடம்பைக் கொடுத்து மேடையில் பறப்பது உயிருக்கே ஆபத்து. 1917-ல் அந்தக் குழு உடைந்தது. 21 வயது பஸ்டர் தனியாக நியூயார்க் போனார். ஒரு பெரிய மேடை நிகழ்ச்சியில் வாரம் 250 டாலர் சம்பளத்துக்கு ஒப்பந்தமும் ஆனார்.

அந்த நேரத்தில்தான் நண்பர் ஒருவர் மூலம் ரோஸ்கோ ஆர்பக்கிளின் ஸ்டூடியோவுக்குள் கால் வைத்தார். ஆர்பக்கிள் அன்றைய காமெடி சூப்பர் ஸ்டார்களில் ஒருவர். எடுத்துக்கொண்டிருந்த படம் 'தி புட்சர் பாய்'. மளிகைக்கடை காட்சி. கடைக்கு வரும் வாடிக்கையாளராக பஸ்டரை நிற்கவைத்தார்கள். தொப்பியில் பாகு ஒட்டிக்கொண்டு படும் அவஸ்தையில் சினிமாவில் அறிமுகமானார்.

ஆனால், அவரைக் கட்டிப்போட்டது நடிப்பு இல்லை, கேமரா! அதைக் கடன் வாங்கிக்கொண்டு போய் அக்குவேறு ஆணிவேறாகப் பிரித்து, திரும்பப் பூட்டினார் என்று சொல்வார்கள். மேடையில் ஒரு காமெடி, மேடையின் அகலத்துக்குள் அடங்க வேண்டும். கேமராவுக்கு அப்படி எல்லையே இல்லை. ரயிலைக் கொண்டுவரலாம், ஆற்றைக் கொண்டுவரலாம், ஒரு ஊரையே கொண்டுவரலாம். இது புரிந்ததும், வாரம் 250 டாலர் மேடை வேலையை உதறிவிட்டு, வாரம் 40 டாலருக்கு ஆர்பக்கிளிடம் சேர்ந்துவிட்டார்.

இடையில் முதல் உலகப்போர் வந்தது. 1918-ல் ராணுவத்தில் சேர்க்கப்பட்டு ஃபிரான்ஸ் போனவருக்கு, அங்கே காதில் தொற்று ஏற்பட்டு கேட்கும் திறன் குறைந்துவிட்டது. திரும்பி வந்ததும் மறுபடி ஆர்பக்கிள் குழுவிலேயே சேர்ந்தார்.

1921-ல் ஆர்பக்கிள் மேல் பெரிய புயல் அடித்தது. அவர் கொடுத்த விருந்துக்கு வந்திருந்த இளம் நடிகை ஒருவர், சில நாள்களில் இறந்துபோனார். ஆர்பக்கிள் மேல் வழக்கு பாய்ந்தது. மூன்று முறை விசாரணை நடந்து, 1922-ல் குற்றமற்றவர் என்று தீர்ப்பு வந்தது. ஆனால், அதற்குள் பத்திரிகைகள் அவரை முடித்துக்கட்டியிருந்தன. ஹாலிவுட்டே ஒதுங்கிய நேரத்தில், கடைசிவரை குருவின் பக்கம் நின்றவர்களில் கீட்டன் முக்கியமானவர்.

ஸ்கிரிப்ட் இல்லை... பேஸ்பால் உண்டு!

1920-ல் தயாரிப்பாளர் ஜோசப் ஷென்க், கீட்டனுக்குத் தனியாக ஒரு ஸ்டூடியோவை ஏற்பாடு செய்து கொடுத்தார். ஒருகாலத்தில் சாப்ளின் படமெடுத்த அதே இடம். காசு ஷென்க்கினுடையது. அதைத் தவிர மற்ற எல்லாவற்றையும் முடிவு செய்வது கீட்டன்.

முதலில் வெளிவந்த 'ஒன் வீக்' படமே சரவெடி. புதிதாகக் கல்யாணமான ஜோடிக்கு, தாங்களே பூட்டிக்கொள்ளும் 'ரெடிமேட்' வீடு ஒன்று பெட்டி பெட்டியாக வருகிறது. காதலில் தோற்ற ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றிவிடுகிறான். கோணல் மாணலாக எழும்பிய வீடு, புயலில் ராட்டினம்போல சுற்றுகிறது. கடைசியில் வீட்டை இழுத்துக்கொண்டு போகும்போது அது தண்டவாளத்தில் மாட்டிக்கொள்ள, ரயில் வருகிறது. ஜோடி கண்ணை மூடிக்கொள்கிறது. ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று மூச்சுவிடும் நொடியில், எதிர்ப்பக்கத்திலிருந்து வரும் இன்னொரு ரயில் வீட்டைச் சுக்குநூறாக்குகிறது!

இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. 1912-ல் ஆரம்பித்த மேக் சென்னட்டின் கீஸ்டோன் கம்பெனி படங்களில் காமெடி என்றால் துரத்தல், அடிதடி, கேக்கை முகத்தில் வீசுவது. வேகம்தான் எல்லாமே. கீட்டன் அந்த ஆட்டத்தை மாற்றினார். பார்ப்பவர் என்ன எதிர்பார்க்கிறார் என்று முதலில் கணக்குப் போடுவது, பிறகு அதற்கு நேர்மாறாக ஒன்றைச் செய்வது. கேமராவைத் தள்ளி வைத்து, முழு உடம்பும் தெரிகிற மாதிரி ஒரே ஷாட்டில் எடுப்பது. வெட்டி ஒட்டினால் ஏமாற்றிவிட்டதாக ரசிகனுக்குத் தோன்றும் என்பது அவர் கணக்கு.

வேலை செய்யும் முறையும் விசித்திரம். எழுதிய ஸ்கிரிப்ட் கிடையாது. கதையின் ஆரம்பமும் முடிவும் தெரிந்தால் போதும், நடுப்பகுதி தானாக வரும். யோசனை வராமல் முட்டிக்கொண்டு நின்றால், மொத்த யூனிட்டும் மட்டையை எடுத்துக்கொண்டு பேஸ்பால் ஆடப் போய்விடும். ஆட்டத்தின் நடுவே யாருக்காவது பொறி தட்டும். திரும்ப செட்டுக்கு ஓடுவார்கள்.

1925-ல் வந்த 'செவன் சான்சஸ்' படத்தை முன்னோட்டமாகப் போட்டுப் பார்த்தபோது, சிரிப்பு எதிர்பார்த்த அளவுக்கு வரவில்லை. ஆனால், மலையிலிருந்து ஓடிவரும்போது தற்செயலாக இரண்டு மூன்று கற்கள் அவர் பின்னால் உருண்ட இடத்தில் மட்டும் ஜனங்கள் சிரித்தார்கள். உடனே திரும்பிப் போய், சின்னது பெரியதாகப் பொய்ப் பாறைகளை மலைபோலச் செய்யவைத்து, ஒரு பாறை மழையையே எடுத்துச் சேர்த்தார். இன்றைக்கும் அந்தப் படம் பேசப்படுவது அந்தக் காட்சிக்காகத்தான். தப்பு செய்யவும், திரும்பப் போய்த் திருத்தவும் அனுமதி இருந்தது. அதுதான் அவருடைய உண்மையான மூலதனம்.

அதற்கு உடம்பு கொடுத்த விலையும் இருக்கிறது. 1924-ல் 'ஷெர்லாக் ஜூனியர்'. தியேட்டரில் படம் ஓட்டும் இளைஞன், தூக்கத்தில் எழுந்து திரைக்குள்ளேயே நடந்துபோவான். சினிமாவைப் பற்றிய சினிமா எத்தனையோ வந்துவிட்டன. இன்றைக்குப் பார்த்தாலும் இது புதுசாக இருக்கும். அதில் ரயில்வே தண்ணீர்த் தொட்டியின் குழாயிலிருந்து பாய்ந்த தண்ணீர் கீட்டனைத் தண்டவாளத்தில் தள்ளியது. சில நாள் தாங்க முடியாத தலைவலி. அவ்வளவுதான் என்று வேலையைத் தொடர்ந்தார். பல வருடங்கள் கழித்து எக்ஸ்ரே எடுத்த டாக்டர் சொல்லித்தான் தெரிந்தது, அன்றைக்கு முறிந்தது கழுத்தெலும்பு என்று!

ஆற்றில் விழுந்த ரயில்!

1926. கீட்டன் தன் வாழ்நாளின் மிகப்பெரிய பந்தயத்தைக் கட்டினார். படம் 'தி ஜெனரல்'. அமெரிக்க உள்நாட்டுப் போரில், 1862-ல் நிஜமாக நடந்த ஒரு ரயில் கடத்தல்தான் கரு. ஒரிகன் மாநிலத்தின் காட்டேஜ் குரோவ் ஊருக்கு யூனிட்டே இடம்பெயர்ந்தது. ஓடும் இன்ஜினின் முன்னால் உட்கார்ந்து, தண்டவாளத்தில் கிடக்கும் கட்டையை இன்னொரு கட்டையால் தட்டிவிடுவது, சோகமாக உட்கார்ந்திருக்கும்போது சக்கரத்தின் இணைப்புக்கம்பி அவரையும் மேலும் கீழும் தூக்கிக்கொண்டு போவது என எல்லாம் நிஜ இன்ஜினில் அவரே செய்தவை.

உச்சக்கட்டத்தில், எரியும் மரப்பாலத்தின் மேல் ஒரு நிஜ ரயில் இன்ஜினை ஓட்டவிட்டு, பாலத்தோடு ஆற்றில் தள்ளினார்கள். ஒரே டேக். உள்ளூர் மக்கள் ஆயிரக்கணக்கில் வேடிக்கை பார்த்தார்கள். மௌனப் பட காலத்திலேயே மிக அதிகச் செலவில் எடுத்த ஒற்றை ஷாட் என்று அதைச் சொல்வார்கள். கணக்கு 42,000 டாலர். அந்த இன்ஜின் பல வருடங்கள் ஆற்றிலேயே கிடந்து, இரண்டாம் உலகப்போர் நேரத்தில்தான் பழைய இரும்பாகப் போனது.

படம் என்ன ஆனது? அன்றைய விமர்சகர்கள் பலர் கழுவி ஊற்றினார்கள். போரை வைத்து காமெடியா என்று கேட்டவர்களும் உண்டு. சுமார் 7,50,000 டாலர் செலவு. அமெரிக்க வசூல் 5,00,000 டாலரைக்கூடத் தொடவில்லை.

இன்றைய பார்வையில் இன்னொரு சங்கடமும் இருக்கிறது. படத்தின் ஹீரோ, அடிமை முறைக்காகப் போரிட்ட தென்மாநிலங்களின் பக்கம் நிற்பவன். அடிமைகளின் கதை அங்கே பேச்சுக்கே இல்லை. 'செவன் சான்சஸ்' போன்ற படங்களில் கறுப்பினத்தவரைக் கிண்டல் செய்யும் காட்சிகளும் உண்டு. அந்தக் கால ஹாலிவுட் காமெடியில் இது சர்வசாதாரணம். அந்த மேதைமையை ரசிக்கும்போது இதையும் பார்த்துவிட்டுத்தான் கடக்க வேண்டும்.

அந்தக் கையெழுத்து!

'தி ஜெனரல்' நஷ்டம், அடுத்த படங்களும் சுமார் என்றானதும், ஷென்க் தனி ஸ்டூடியோவை மூட முடிவெடுத்தார். கீட்டனை எம்.ஜி.எம். நிறுவனத்துக்குப் போகச் சொன்னார். அங்கே பெரிய பொறுப்பில் இருந்தவர் ஷென்க்கின் சகோதரர் நிக்கோலஸ். எல்லாம் குடும்பத்துக்குள்ளேதான். கீட்டனின் மனைவி நடாலியும், ஷென்க்கின் மனைவியான நடிகை நார்மா டால்மட்ஜும் அக்கா தங்கை.

போகாதே என்று சாப்ளின் தடுத்தார். லாயிடும் எச்சரித்தார். பெரிய கம்பெனி உன்னைக் கசக்கிவிடும் என்பதுதான் இரண்டு பேரின் பயமும். அவர்கள் சொல்வதில் அனுபவம் இருந்தது. சாப்ளின் 1919-லேயே நண்பர்களோடு சேர்ந்து யுனைட்டெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனத்தைத் தொடங்கியிருந்தார். லாயிட் தன் படங்களைத் தானே தயாரித்தார். கீட்டன் கையில் மட்டும் எதுவுமே இல்லை. அவர் எடுத்த படங்கள்கூட அவருக்குச் சொந்தம் இல்லை. கணக்கு வழக்கெல்லாம் ஷென்க் பார்த்துக்கொள்வார் என்று விட்டுவிட்ட மனிதர் அவர்.

1928-ல் கையெழுத்துப் போட்டார். வாரம் 3,000 டாலர் சம்பளம். வெளியிலிருந்து பார்த்தால் ஜாக்பாட். பிற்காலத்தில், தன் வாழ்க்கையின் மிகப்பெரிய தவறு என்று அவரே குறிப்பிட்டது இதைத்தான்.

எம்.ஜி.எம். ஒரு தொழிற்சாலை. கதை இலாகா எழுதும், தயாரிப்பாளர் ஓகே செய்வார், நடிகர் வந்து நடித்துவிட்டுப் போக வேண்டும். ஸ்கிரிப்டே இல்லாமல் படமெடுத்தவர் கையில், அடுத்தவர்கள் எழுதிய கத்தை கத்தையான பக்கங்கள். பேஸ்பால் கூட்டம் கலைந்தது. விலை உயர்ந்த ஸ்டார் ஆயிற்றே, கீழே விழுந்து அடிபட்டால் கம்பெனிக்குத்தானே நஷ்டம் என்று ஸ்டன்ட்டுகளுக்கும் கடிவாளம் போட்டார்கள். அங்கே எடுத்த முதல் படமான 'தி கேமராமேன்' மட்டும் அவர் சண்டை போட்டு வாங்கிய சுதந்திரத்தில் அருமையாக வந்தது. அதற்குப் பிறகு படிப்படியாக எல்லாம் கைநழுவிப்போனது.

சினிமா பேசியது... காமெடி மாறியது!

அதே நேரத்தில் இன்னொரு பூகம்பம். 1927-ல் 'தி ஜாஸ் சிங்கர்' வந்து, பேசும் படங்களுக்குக் கதவைத் திறந்துவிட்டது.

பேசினால் என்ன, காமெடி காமெடிதானே என்று தோன்றலாம். அப்படி இல்லை. கேமராவின் சத்தம் மைக்கில் விழுந்துவிடும் என்பதால், ஆரம்பத்தில் கேமராவையே சத்தம் வெளியே வராத கூண்டுக்குள் பூட்டினார்கள். ஓடும் ரயிலோடு ஓடிய கேமரா, அசையாமல் நின்றது. நடிகர்கள் ஒளித்துவைத்த மைக்கின் அருகிலேயே நின்று பேச வேண்டியிருந்தது. மௌனப் படத்தை எந்த நாட்டுக்கு வேண்டுமானாலும் அனுப்பலாம், எழுத்து அட்டையை மட்டும் அந்தந்த மொழியில் மாற்றினால் போதும். இப்போது அதுவும் முடியாது. சில படங்களை ஸ்பானிஷ், பிரெஞ்சு, ஜெர்மன் மொழிகளில் தனித்தனியாக எடுத்தார்கள். அர்த்தம் தெரியாமலே வசனத்தை உச்சரித்து நடித்துக்கொடுத்தார் கீட்டன்.

காமெடியின் எஜமானர்களும் மாறினார்கள். நியூயார்க் நாடக மேடையிலிருந்து மார்க்ஸ் சகோதரர்கள் 1929-ல் 'தி கோகோநட்ஸ்' படத்தோடு வந்து, மூச்சுவிடாமல் பேசியே சிரிக்கவைத்தார்கள். 1934-ல் 'இட் ஹேப்பன்ட் ஒன் நைட்' ஹிட்டடிக்க, ஆணும் பெண்ணும் சரிக்குச் சரி வார்த்தையால் மோதிக்கொள்ளும் காமெடி ஒரு தனி வகையாகவே வளர்ந்தது. விழுந்து எழும் உடம்பின் இடத்தில், எழுதிவைத்த வசனம் வந்து உட்கார்ந்துகொண்டது.

சாப்ளினுக்கும் இதே புயல்தான். ஆனால், படம் அவருடையது, கம்பெனியும் அவருடையது. அதனால், எல்லோரும் பேசிக்கொண்டிருந்த 1931-ல் வசனமே இல்லாத 'சிட்டி லைட்ஸ்' படத்தை எடுக்க அவரால் முடிந்தது. கீட்டனிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை. பேசிக்கொண்டே இருக்கும் ஜிம்மி டுராண்டேவோடு ஜோடி சேர்த்து, அப்பாவி அசடு வேடங்களில் நடிக்கவைத்தார்கள். கொடுமை என்னவென்றால், அந்தப் படங்கள் நன்றாக ஓடின! கம்பெனிக்கு லாபம். தவறு நடக்கிறது என்று அவர் எப்படி நிரூபிப்பார்?

குடிக்க ஆரம்பித்தார். அப்பாவின் குடியால் மேடையை விட்டு ஓடிவந்தவர், அதே குழியில் விழுந்தார். 1932-ல் விவாகரத்து. பெவர்லி ஹில்ஸில் ஆசை ஆசையாகக் கட்டிய இத்தாலி பாணி மாளிகை போனது. இரண்டு மகன்களும் அம்மாவோடு போனார்கள். அவர்களின் பெயரிலிருந்து கீட்டன் என்பதே நீக்கப்பட்டு, அம்மாவின் குடும்பப் பெயர் சேர்க்கப்பட்டது. 1933-ல் எம்.ஜி.எம். அவரை வேலையை விட்டு அனுப்பியது. அவசரமாகச் செய்துகொண்ட இரண்டாவது கல்யாணம், மூன்றே ஆண்டுகளில் முறிந்தது. 1935-ல் குடியால் ஆஸ்பத்திரியில் சேர்க்கப்படும் நிலைக்குப் போனார். அப்போது அவருக்கு வயது 40.

வாரம் 100 டாலர்!

சினிமாவாக எடுத்தால் இங்கே 'தி எண்ட்' போட்டுவிடுவார்கள். நிஜத்தில் கீட்டன் மெதுவாக எழுந்து, அடுத்த நாள் வேலைக்குப் போனார்.

எங்கே தெரியுமா? அதே எம்.ஜி.எம்.முக்கு! வாரம் 3,000 டாலர் வாங்கிய இடத்தில், வாரம் 100 டாலருக்கு. நடிகராக இல்லை. மற்றவர்களின் படங்களுக்கு காமெடி காட்சி யோசித்துக் கொடுக்கும் ஆள். மார்க்ஸ் சகோதரர்களின் படங்களுக்கு வேலை பார்த்தார். ரெட் ஸ்கெல்டன் என்ற புதிய ஸ்டாருக்கு, தன் பழைய படங்களின் கதையையே தூசிதட்டிக் கொடுத்தார். படத்தில் அவர் பெயர் வராது. அதைப் பற்றி ஊர் முழுக்கப் புலம்பியவரும் இல்லை அவர்.

1940-ல், எம்.ஜி.எம்.மில் நடனக் கலைஞராக இருந்த 21 வயது எலினார் நாரிஸைக் கல்யாணம் செய்தார். கீட்டனுக்கு அப்போது 44. சீட்டாட்டம் கற்றுக்கொள்ள அவர் வீட்டுக்கு வந்தவர் எலினார். வயது வித்தியாசத்தைப் பார்த்து, ஒரு வருடம்கூடத் தாங்காது என்றார்கள். கீட்டனின் கடைசி நாள் வரை, 25 வருடங்களுக்கு மேல் நிலைத்தது அந்தக் கல்யாணம். பாரிஸ் சர்க்கஸ் மேடையில் கணவனும் மனைவியுமாகச் சேர்ந்தே நிகழ்ச்சி நடத்தினார்கள்.

அந்த எம்.ஜி.எம். நாள்களில், தன்னுடைய திறமை என்னவென்று கம்பெனிக்கே தெரியாமல் சின்னச் சின்ன வேடங்களில் சுற்றிக்கொண்டிருந்தார் ஓர் இளம் நடிகை. பொருள்களை வைத்து எப்படிக் காமெடி செய்வது, உடம்பை எப்படிப் பயன்படுத்துவது என்று அவருக்குச் சொல்லிக்கொடுத்தார் கீட்டன். அவர் பெயர் லூசில் பால். 1951-ல் அவர் நடித்து ஆரம்பித்த 'ஐ லவ் லூசி', அமெரிக்க டிவி காமெடியின் இலக்கணத்தையே எழுதியது. வாடவில் மேடையில் பிறந்த வித்தை, கீட்டன் கை வழியாக வீட்டு வரவேற்பறைக்குள் நுழைந்தது.

ஷெட்டில் கிடைத்த புதையல்!

டிவி கீட்டனுக்கும் கைகொடுத்தது. லாஸ் ஏஞ்சல்ஸ் சேனல் ஒன்றில் 1950 வாக்கில் அவருக்கென்று தனி நிகழ்ச்சி. அதற்குப் பிறகு விருந்தினர் வேடங்கள், விளம்பரங்கள் என்று வரிசையாக வாய்ப்புகள். 50 வயதைத் தாண்டியும், வழுக்கி விழும் காட்சி என்றால் அவரே விழுவார். 1952-ல் சாப்ளின் தன் 'லைம்லைட்' படத்தில் அவரை அழைத்தார். இரண்டு ஜாம்பவான்களும் ஒரே மேடையில் சேர்ந்து காமெடி செய்தது அந்த ஒரு படத்தில் மட்டும்தான்.

ஆனால், அவருடைய 1920-களின் படங்கள்? அன்றைய ஃபிலிம் நைட்ரேட்டால் ஆனது. சீக்கிரம் தீப்பிடிக்கும், விட்டுவைத்தால் பிசுபிசுத்துப் பொடியாகிவிடும். பேசும் படம் வந்த பிறகு பழைய படங்களைப் பத்திரப்படுத்த யாரும் மெனக்கெடவில்லை. மௌனப் படங்களில் பெரும்பகுதி அழிந்துபோனது அப்படித்தான்.

1950-களில் ஒரு திருப்பம். கீட்டன் இழந்த அந்த மாளிகையில் அப்போது குடியிருந்தவர், நடிகர் ஜேம்ஸ் மேசன். அங்கே ஒரு ஷெட்டுக்குள் பழைய ஃபிலிம் சுருள்கள் கிடைத்தன. திறந்து பார்த்தால், உள்ளே இருந்தவை கீட்டன் படங்கள்! ரேமண்ட் ரோஹாவர் என்ற விநியோகஸ்தர், கீட்டனோடு கைகோத்து, பொடியாகிக்கொண்டிருந்த படங்களைப் புதிய ஃபிலிமுக்கு மாற்றி உலகம் முழுக்கத் திரையிட ஆரம்பித்தார்.

1949-லேயே எழுத்தாளர் ஜேம்ஸ் ஏஜி, மௌனப் பட காமெடியைக் கொண்டாடி 'லைஃப்' பத்திரிகையில் எழுதிய நீண்ட கட்டுரை, ஒரு புதிய தலைமுறையைத் தயாராக்கி வைத்திருந்தது. 1960-ல் கௌரவ ஆஸ்கர் கிடைத்தது. 1965-ல் வெனிஸ் திரைப்பட விழாவில், அரங்கமே எழுந்து நின்று நீண்ட நேரம் கைதட்டியது.

1966, பிப்ரவரி 1. நுரையீரல் புற்றுநோயால் பஸ்டர் கீட்டன் இறந்தார். வயது 70. என்ன நோய் என்பதைக் குடும்பம் அவரிடம் சொல்லவே இல்லை. கடைசிவரை படம், டிவி என்று வேலை பார்த்துக்கொண்டே இருந்தார். அவர் நடித்த ஒரு படம், அவர் இறந்த பிறகுதான் வெளியானது.

1989-ல் அமெரிக்க அரசு, தேசத்தின் சொத்தாகப் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலை ஆரம்பித்தபோது, முதல் 25 படங்களில் ஒன்று 'தி ஜெனரல்'. அன்றைக்குக் கழுவி ஊற்றிய அதே படம்! அதற்கு இரண்டு வருடங்களுக்கு முன்பே, ஹாங்காங்கில் ஜாக்கி சான் தன் 'ப்ராஜெக்ட் ஏ - பார்ட் 2' படத்தில் ஒரு சுவரைத் தன் மேல் சாயவைத்து கீட்டனுக்கு மரியாதை செய்திருந்தார்.

கீட்டன் கதையிலிருந்து எடுத்துக்கொள்ள ஒரு விஷயம் இருக்கிறது. எம்.ஜி.எம். அவர் திறமையைப் பறிக்கவில்லை. சம்பளமும் நன்றாகத்தான் கொடுத்தது. பறித்தது, யோசனை வராதபோது பேஸ்பால் ஆடப் போகும் உரிமையை. சரியாக வராத காட்சியைத் திரும்ப எடுக்கும் உரிமையை. ஆஃபர் லெட்டரில் இதற்கெல்லாம் தனியாக ஒரு வரி இருக்காது. இல்லாமல் போன பிறகுதான் அதன் மதிப்பு தெரியும். யூடியூப் சேனலோ, ஐ.டி வேலையோ, சொந்தமாக ஒரு சின்ன கடையோ... பெரிய இடத்திலிருந்து பெரிய தொகை வரும்போது, சம்பளத்தோடு இதையும் ஒருமுறை கணக்குப் போட்டுப் பாருங்க.

கீட்டனின் பழைய படங்கள் பலவும் இப்போது காப்புரிமை முடிந்து, இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. எங்கிருந்து ஆரம்பிப்பது என்று தெரியவில்லையா? 'ஒன் வீக்' பாருங்க. 25 நிமிடம்கூட ஆகாது. சப்டைட்டில் தேவையே இல்லை!